பத்தாவது பாகமும் பழனி மொட்டையும்

என் மகளுக்கு வந்த காய்ச்சல் மூளைக்கு ஏறிவிடுமோ என்று டாக்டர் சந்தேகப்பட்ட அன்று, ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று, என் தலையோடு என் மைத்துனன் தலையையும் சேர்த்துப் பழனி முருகனுக்கு நேர்ந்துவிட்டேன். “பிள்ளை கண்ணத் தெறந்து அப்பான்னு கூப்புடட்டும் முருகா, வர்ற கிருத்திகைக்கே நானும் தாய்மாமனும் வந்து மொட்டை போட்டுக்கிறோம்” என்று வாய்விட்டே சொன்னேன். என் மனைவி அழுதுகொண்டே ஒரு ரூபாயை மஞ்சள் துணியில் முடிந்தாள். மறுநாள் காலை பிள்ளை கண்ணைத் திறந்து இட்லி கேட்டாள்.

வீட்டுக்கு வந்து விளக்கேற்றிக் கும்பிட்டு, ஒரு வாய் சாப்பிட்ட பிறகுதான் எனக்கு உறைத்தது. நான் நேர்ந்துகொண்டது என் படத்தின் கதாநாயகன் தலையை.

அது என்ன படம் என்று சொல்ல வேண்டும். எனக்குப் பத்தாம் வகுப்போடு படிப்பு நின்றுபோனது. தொண்ணூறுகளில் வேடசந்தூர் பக்கம் நூல் மில்லில் வேலை பார்த்துக்கொண்டே, ஓய்வு நாட்களில் கல்யாண வீடியோ எடுப்பவருக்கு லைட் பிடிக்கப் போனேன். பிறகு நானே கேமரா வாங்கினேன். கோயில் கல்யாணம், சர்ச் கல்யாணம், காதுகுத்து எல்லாம் எடுத்தேன். கம்ப்யூட்டர் வந்தது, வெட்டி ஒட்டக் கற்றுக்கொண்டேன். சாணார்பட்டியில் நான் எடுத்த ஒரு கல்யாண சி.டி.யைப் பார்த்துவிட்டு, பெண் வீட்டு உறவுக்காரர் ஒருவர் சிங்கப்பூரிலிருந்து கூப்பிட்டார். அவர் தமிழர்களுக்காக ஒரு வெப்சைட் நடத்திவந்தார். இன்டர்நெட்டில் போட ஒரு தொடர்கதை எடுத்துத் தர முடியுமா, மொத்தம் பத்துப் பாகம், நன்றாகப் போனால் அடுத்த தொடரும் உங்களுக்குத்தான் என்றார். இன்றைக்கு வெப் சீரிஸ் என்கிறார்கள். அன்றைக்கு அதற்கு ஒரு பெயரும் கிடையாது. “நெட்டுல நாடகம் எடுக்குறாரு” என்று தெருவில் சொல்வார்கள்.

நான் மில்லை விட்டேன். மனைவி தடுக்கவில்லை. “இந்தப் பத்தையும் எடுங்க. அடுத்தது வந்தா சரி, வரலேன்னா மறுபடி மில்லுக்குப் போயிரணும். சாமி முன்னால சொல்லுங்க” என்றாள். சூடத்தை அணைத்துச் சத்தியம் செய்தேன். அதன்பின் தினமும் காலையில் எங்கள் தெரு முக்கில் மில் பஸ் வந்து இரண்டு தடவை ஹாரன் அடிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தச் சத்தியம் ஞாபகம் வரும்.

கதை சாதாரணம்தான். மில்லில் நூல் பண்டல் திருடியதாகப் பழி விழுந்த ஒருவன், உண்மையான திருடனைத் தேடி அலைகிறான். கதாநாயகன் என் மனைவியின் தம்பி. அவனும் மில் தொழிலாளி. நெற்றியில் வந்து விழும் சுருட்டை முடி அவனுக்கு, அதைத் தள்ளிவிட்டுத்தான் ஒவ்வொரு வசனமும் பேசுவான். திருடன் நான். முகத்திலும் தலையிலும் துண்டைக் கட்டியிருப்பேன், அதனால் என் மொட்டை ஒரு பிரச்சினை இல்லை. ஒன்பது பாகம் போய்விட்டது. பத்தாவதில் அவன் என்னைத் துரத்திப் பிடித்துத் துண்டை இழுக்க வேண்டும்.

விஷயத்தைச் சொன்னதும் மைத்துனன் தலையில் கை வைத்துக்கொண்டான்.

“என் தலைய என்னையக் கேக்காம எழுதிக் குடுத்துட்டீகளே மச்சான்!”

“பதட்டத்துல வந்துருச்சு மாப்ள.”

“உங்க சித்தப்பா தலைய நேர வேண்டியதுதான? நாலு முடிதான் இருக்கு, செத்த நேரத்துல வேலை முடிஞ்சிருக்கும்.” சிரித்துவிட்டு உடனே முகம் மாறினான். “மருமக பொழைச்சு வந்ததுக்கு முடி என்ன மச்சான் முடி. போட்டுருவோம். ஆனா படம்?”

அதுதான் எனக்கும் தெரியவில்லை. சிங்கப்பூர்க்காரர் போனில் கறாராகச் சொல்லியிருந்தார்: “செவ்வாய்க்கிழமை சாயங்காலத்துக்குள்ள பத்தாவது வந்துரணும் தம்பி. இல்லேன்னா அந்த இடத்துல வேற ஒருத்தர் தொடர் ஏறிடும். அப்புறம் நான் ஒண்ணும் பண்ண முடியாது.” கிருத்திகை ஞாயிற்றுக்கிழமை. மைத்துனனுக்கு ஆஸ்பத்திரியில் உடன் இருந்ததிலேயே லீவு எல்லாம் தீர்ந்துவிட்டது. மிச்சம் இருந்த ஒரே ஓய்வு நாள் அந்த ஞாயிறுதான்.

“மொட்டைய அடுத்த கிருத்திகைக்குத் தள்ளிருவோமா?” என்று அவனே கேட்டான். என் வாயில் இருந்ததும் அதே கேள்விதான். பிள்ளைக்குத் தலை வாரிக்கொண்டிருந்த என் மனைவியின் கை நின்றது.

“வேண்டுனது நீங்க. என்னையக் கேக்காதீக” என்றாள்.

அன்று சாயங்காலம் பிள்ளைக்கு லேசாக உடம்பு சுட்டது. வெயிலில் விளையாடியதாக இருக்கலாம். நான் தொட்டுப் பார்த்தேன், மனைவி தொட்டுப் பார்த்தாள், மைத்துனன் தொட்டுப் பார்த்தான். தள்ளிப்போடும் பேச்சை அதன்பின் யாரும் எடுக்கவில்லை. ஞாயிறு விடிந்ததும் படத்தை எடுத்துவிட்டு, அப்படியே பழனி பஸ் ஏறுவது என்று முடிவானது.

அது கரண்ட் கட் வருஷம். எங்கள் தெருவுக்கு ஒரு நேரம், பக்கத்துத் தெருவுக்கு ஒரு நேரம் என்று பிடுங்குவார்கள். சனிக்கிழமை போன கரண்ட், ஏதோ கோளாறு என்று விடியும்வரை வரவில்லை. கேமரா பேட்டரியில் எவ்வளவு மிச்சம் என்று எனக்கே பயமாக இருந்தது. சாணார்பட்டி ரோட்டில் வறண்டு கிடந்த கண்மாய்க்கரைக்குப் போனோம். நானும் மைத்துனனும் நடிக்க வேண்டும் என்பதால் கேமராவுக்குப் பின்னால் என் மனைவி. பிள்ளை அவள் இடுப்பில்.

ஓடினோம். அவ்வளவு நன்றாக ஓடியது வேறு எந்தப் பாகத்திலும் கிடையாது. கருவேல முள் என் வேட்டியைக் கிழித்தது. அவன் பாய்ந்து என் தோளைப் பிடித்தான். முகத்துத் துண்டின் மேல் அவன் கை விழுந்தது. அப்போது என் மனைவி கத்தினாள்:

“என்னங்க, செவப்பா ஒண்ணு மினுங்குது... அய்யய்யோ, அணைஞ்சுபோச்சு!”

அவன் கை என் முகத்தில் அப்படியே இருந்தது. துண்டை இழுக்கவே இல்லை. ஊருக்குள் போய் எங்காவது பேட்டரியை ஏற்றிக்கொண்டு வரலாம் என்றால், பழனி போய்ச் சேர இருட்டிவிடும். துண்டை நானே அவிழ்த்து முகத்தைத் துடைத்துக்கொண்டேன். பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தோம்.

மலையடிவாரத்தில் நாவிதர் தண்ணீரைத் தெளித்து மைத்துனன் தலையைத் தேய்த்தார். “நல்ல முடிங்க தம்பி உங்களுக்கு” என்றார். அது சுருள் சுருளாக விழுந்தபோது ஒன்பது பாகமும் கூடவே விழுந்த மாதிரி இருந்தது எனக்கு. படியேறி சந்நிதியில் நின்றபோது படத்தைப் பற்றி வேண்டிக்கொள்ள வாய் வரவில்லை. பிள்ளையைத் திருப்பித் தந்தவனிடம் அதே மூச்சில் இன்னொன்றையும் கேட்க எனக்கு வெட்கமாக இருந்தது. விபூதியைப் பிள்ளை நெற்றியில் பூசிக் கீழே இறங்கினேன்.

திங்கட்கிழமை காலை பேகம்பூரில் இருந்த பிரவுசிங் சென்டருக்குப் போனேன். வழக்கமாக அங்கிருந்துதான் பாகங்களை அனுப்புவேன். முடியவில்லை, மன்னித்துவிடுங்கள் என்று சிங்கப்பூருக்கு மெயில் அடிக்க வேண்டும். கடைக்காரர் என் வயதுக்காரர். என் தலையைப் பார்த்துச் சிரித்தார்.

“வாங்க வாங்க. லைட்டு போட்டுட்டு வந்திருக்கீங்க, இன்னிக்கு கரண்ட் போனாலும் கவலையில்ல.”

“நீங்க வேற பாய். தொழிலே போச்சு” என்று நடந்ததைச் சொன்னேன். பாதி மெயிலை அடித்திருந்தேன். பக்கத்துக் கம்ப்யூட்டரில் அவர் ஒரு கேமை ஓட்டிக்கொண்டிருந்தார். பெரிய வெளிநாட்டு ஊர், அதில் ஒரு பொம்மை மனிதன் நடக்கிறான், ஓடுகிறான், கார் ஓட்டுகிறான்.

“இதுலயே சலூன் இருக்கு தெரியுமா? பாருங்க.” பொம்மையைக் கடைக்குள் கூட்டிப்போனார். வெளியே வரும்போது அவனுக்கு மொட்டை. “இவனுக்கு நேர்த்திக்கடன்லாம் கெடையாது. சும்மாவே அடிச்சுக்குவான்.”

பொம்மை திரும்பி நடந்தது. பின்னாலிருந்து பார்க்க, முதல்நாள் பழனிப் படியில் எனக்கு முன்னால் ஏறிப்போன மைத்துனனேதான். என் கை கீ போர்டிலிருந்து இறங்கியது.

“பாய், திரையில ஓடுறத அப்படியே பிடிச்சு வைக்க முடியுமா?”

“அதுக்கு ஒரு சாப்ட்வேர் இருக்கு. எதுக்கு?”

கண்மாய்க்கரையில் நின்றுபோன துரத்தலை இதில் தொடர வேண்டும் என்றேன். அவர் உடனே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

அவர் ஓட்டினார், நான் சொன்னேன். எடுத்த எடுப்பில் பொம்மை துப்பாக்கியைத் தூக்கியது.

“துப்பாக்கிய கீழ போடச் சொல்லுங்க பாய். நம்மாளு மில் தொழிலாளி.”

“உள்ள வைக்கத்தான் முடியும். இருங்க... ஆங்.”

அடுத்த தடவை காரைத் திருப்பும்போது நடைபாதையில் போன ஒரு கிழவர் மேல் ஏற்றிவிட்டார்.

“அய்யோ, முதல்லருந்து எடுங்க. நல்லவன் இப்படியா ஏத்துவான்?”

“ரோடு நெறைய ஆளு, நான் என்ன பண்ண? உங்காளைப் பஸ்ல போகச் சொல்லுங்க!”

மத்தியானம் வரை எத்தனை பேர் மேல் ஏற்றினோம் என்று தெரியாது. சாயங்காலம் மைத்துனன் ஷிப்ட் முடிந்து வந்தான். மொட்டைத் தலையோடு அவனைக் கம்ப்யூட்டர் முன் உட்காரவைத்து எடுத்தேன். “இப்படித்தான் பாய் அவனைப் பிடிச்சேன்” என்று கடைக்காரரிடம் அவன் சொல்ல ஆரம்பிக்க, கதை கேமுக்குள் போய்விடும். அதற்கும் அவனே குரல் கொடுத்தான். “கார் ஓட்டுற மாதிரி ஒரு காட்சி வைங்கன்னு எம்புட்டு நாளா கேட்டேன், கடைசில பொம்மைக்குக் குடுத்துட்டீகளே” என்று முணுமுணுத்தான்.

செவ்வாய் காலை எங்கள் தெருவில் கரண்ட் போவதற்குள் வெட்டி ஒட்டினேன். பேகம்பூரில் நாலு மணிக்குக் கரண்ட் போகும். அதற்குள் அனுப்பிவிட நினைத்தேன். லைன் மந்தமாக இருந்தது. திரையில் நீலக் கோடு பாதிதான் நகர்ந்திருந்தது, கரண்ட் போனது. கடைக்காரர் எழுந்து மற்ற எல்லாக் கம்ப்யூட்டரையும் அணைத்தார். யூ.பி.எஸ்.ஸில் என் ஒரு மெஷினும் மோடமும் மட்டும் ஓடின. பழைய யூ.பி.எஸ்., அடிக்கொருதரம் பீப் என்றது. பள்ளிவாசலில் பாங்கு சொன்னார்கள்.

“நான் தொழுதுட்டு வந்துர்றேன். நீங்க உங்க முருகனைக் கூப்புடுங்க” என்று செருப்பை மாட்டினார்.

மில்லிலிருந்து நேராக வந்த மைத்துனன் என் பக்கத்தில் நின்றான். “முருகா முருகா” என்று நான் உதட்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தேன். பீப் சத்தம் நெருங்கி நெருங்கி வந்தது. கோடு முடியத் துளி இடம் இருந்தது. திரை கறுத்துப்போனது; மெஷினின் இரைச்சல் மட்டும் இன்னும் சில நொடி கேட்டு அடங்கியது.

போய்ச் சேர்ந்ததா, இல்லையா? கரண்ட் வந்த பிறகும் லைன் வரவில்லை. சிங்கப்பூருக்குப் போன் போட்டேன், மணி அடித்துக்கொண்டே இருந்தது.

இரவு சாப்பிடும்போது மனைவியிடம் நானே சொன்னேன், “காலையில மில்லுக்குப் போறேன்.” சாமி முன்னால் சொன்ன சொல். புதன்கிழமை அவள் எனக்கும் தம்பிக்கும் சாப்பாடு கட்டிக் கொடுத்தாள். முக்கில் ஹாரன் அடித்தது. ஏறினேன். பஸ்ஸில் எல்லோரும் பழைய ஆட்கள். “என்னப்பு, நாடகம் முடிஞ்சுதா?” என்று ஒருவர் கேட்டார். மைத்துனன், “பக்திப் படம்ணே, ரெண்டு பேரும் மொட்டை போடுறதுதான் கிளைமாக்ஸ்” என்று சொல்லிச் சமாளித்தான்.

பழைய சூப்பர்வைசர் என்னை அன்றைக்கே மெஷினில் நிறுத்தினார். உள்ளே போன் கொண்டுபோகக் கூடாது என்பதால் வீட்டிலேயே வைத்துவிட்டுப் போயிருந்தேன். சாயங்காலம் திரும்பியபோது என் மொட்டை முழுக்கப் பஞ்சு ஒட்டியிருந்தது. பிள்ளை ஓடிவந்து தொட்டுப் பார்த்து, “அப்பாவுக்கு வெள்ளை முடி முளைச்சிருச்சு” என்றாள்.

மனைவி சொம்பில் தண்ணீர் கொடுத்தாள்.

“சிங்கப்பூர்க்காரரு பேசுனாரு. படம் காலையிலதான் அவரு கண்ணுல பட்டுச்சாம்.”

“போயிருச்சா!”

“போயிருச்சு. ஆனா அடுத்த தொடர் வேணாம்னுட்டாரு. கடைசில பொம்மைய ஓடவிட்டு ஏமாத்திட்டாங்கன்னு பாக்குறவக திட்டுறாகளாம்.”

சொம்பைக் கீழே வைத்தேன். மறுநாளும் பஸ், அதற்கு அடுத்த நாளும் பஸ் என்று மனசைத் தயார்படுத்திக்கொண்டேன்.

“இருங்க, முழுசாக் கேளுங்க. அந்தப் பொம்மை ஓடுறத மட்டும் தனியா எடுத்துப் போட்டாராம். திட்டுனவகளே அதைத் திரும்பத் திரும்பப் பாக்குறாகளாம். அதே மாதிரி சின்னச் சின்னதா மாசாமாசம் வேணுமாம். செய்வாராம்மான்னு கேட்டாரு.”

“நீ என்ன சொன்ன?”

“செய்வாருன்னு சொல்லிட்டேன்.” அவள் முந்தானையால் என் தலைப் பஞ்சைத் துடைத்தாள். “அடுத்தது வந்தாச் சரின்னுதான சாமி முன்னால பேசுனோம். தொடர்தான் வரணும்னு சொல்லலையே. நாளையிலருந்து நீங்க மில்லுக்கு வரலைன்னு தம்பிகிட்ட நானே சொல்லிர்றேன்.”

அதன்பின் பல வருஷம் அந்தப் பொம்மைகள்தான் எங்களுக்குச் சோறு போட்டன. மனிதர்களை வைத்து மறுபடி ஒரு தொடரும் எடுத்தேன். ஆனால் வியாழக்கிழமை காலைதான் இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. முக்கில் பஸ் வந்து இரண்டு தடவை ஹாரன் அடித்தது. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்தேன். ஜன்னல் வழியாக மைத்துனனின் மொட்டைத் தலை நீண்டது.

“மச்சான், அடுத்த படத்துலயாவது அந்தப் பொம்மைக்கு முடி வைங்க!”