சிறந்த துணை நடிகை, கரோல் பாக்

ஒரு சாண் உயரக் கண்ணாடிப் பலகை அது. பார்க்க இலேசாகத் தெரியும், தூக்கினால் கனக்கும். அதில் சித்தியின் பெயரும் அதன் கீழே ‘சிறந்த துணை நடிகை’ என்றும் ஆங்கிலத்தில் பொறித்திருந்தார்கள். ஐரோப்பாவில் நடந்த ஒரு திரைப்பட விழாவில் கொடுத்த விருது. தில்லி கரோல் பாக் வீட்டில் ஃபிரிட்ஜின் மேல், மருந்து டப்பாவுக்கும் பழைய டிரான்சிஸ்டருக்கும் நடுவில் அதற்கு இடம். வந்தவர்கள் யாராவது கேட்டால் சித்தப்பா முந்திக்கொண்டு, “அவ ஸ்கூல்ல குடுத்தாங்க” என்பார். சித்தி காபியைக் கொடுத்துவிட்டு உள்ளே போய்விடுவாள். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வரும்.

சித்தி என் அம்மாவின் தங்கை, பள்ளிக்கூட டீச்சர். தில்லித் தமிழர்கள் பொங்கலுக்குப் போடும் நாடகங்களில் அம்மா வேஷம் என்றால் அவளைத்தான் கூப்பிடுவார்கள். அப்படியொரு நாடகத்துக்கு யாருடனோ வந்திருந்த வெளிநாட்டுப் பெண் இயக்குநர், ஒரு வார்த்தைகூடப் புரியாமல் சித்தியின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு மறுநாள் வீடு தேடி வந்துவிட்டார். கோடை விடுமுறையில் படப்பிடிப்பு. சித்தப்பா சரி என்றார். என்ன வேஷம் என்று அவர் கேட்கவில்லை, சித்தியும் சொல்லவில்லை.

விருது அறிவித்து, விமான டிக்கெட்டோடு அழைப்பு வந்தபோதுதான் அது வீட்டு வேலைக்காரி வேஷம் என்று தெரிந்தது. சித்தப்பா அமைச்சகத்தில் செக்‌ஷன் ஆபீசர். “பாத்திரம் தேய்க்கிற வேசத்துக்குப் பிரைஸ் வாங்கப் போயிருக்கான்னு ஊர்ல சொல்லவா? திருநெல்வேலி பக்கம் தலைகாட்ட முடியுமா?” என்றார். அதற்குள் சித்தி பெட்டியை இறக்கித் துடைத்து, இரண்டு பட்டுப்புடவைகளுக்கு இஸ்திரி போட்டு வைத்திருந்தாள். சண்டை போடவில்லை. புடவைகளை பீரோவில் வைத்துவிட்டுப் பெட்டியை மறுபடி பரணில் ஏற்றினாள். விருது கூரியரில் வந்தது.

தில்லியில் அந்தப் படத்தை ஒரே ஒரு முறை திரையிட்டார்கள். சித்தப்பாவுக்கு அன்று பார்த்து ஆபீசில் ஆடிட் வந்துவிட்டது. நானும் சித்தியும் போனோம். பக்கத்து இருக்கையில் கைப்பையை வைத்துக்கொண்டு, கேட்ட இரண்டு பேரிடம், “ஆ ரஹே ஹைன்”, வந்துகொண்டிருக்கிறார் என்று சொல்லி அனுப்பினாள். விளக்கை அணைத்த பிறகும் வாசலைத் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். படத்தில் அவளைப் பார்த்து நான் அழுதேன். அவள் ஆட்டோவில் திரும்பும்போது நாளைக்கு என்ன சமைப்பது என்று பேசிக்கொண்டு வந்தாள்.

சித்தப்பா ஒரு தடவை உட்கார்ந்து பார்த்துவிட்டு, நல்லாவே இல்லை என்று சொல்லியிருந்தால்கூட அவளுக்குப் போதும். அதற்குக்கூட அவருக்கு நேரம் வரவில்லை. இதை நினைத்தால் இன்றைக்கும் மனம் ஆறவில்லை.

சித்தி போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. கண் அழுத்த நோய் முற்றி, சித்தப்பாவுக்கு இப்போது வெளிச்சம் மட்டும்தான் தெரிகிறது. போன வாரம் பார்க்கப் போயிருந்தேன். “ஏட்டி, சித்தி நடிச்ச படம் இப்பம் போன்லயே வருதாம்லா. போடு, கேக்கேன்” என்றார்.

போட்டேன். போனைக் காதருகே பிடித்துக்கொண்டார். வீட்டு எஜமானி பேசினாள், அவள் புருஷன் பேசினான், யாரோ விருந்தாளிகள் சிரித்தார்கள். “இதுல அவ குரல் எங்க?” என்றார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் கேட்டார். அதற்கு மேல் என்னால் மறைக்க முடியவில்லை.

“சித்திக்குப் படத்துல வசனமே கிடையாது சித்தப்பா. எல்லாம் முகத்துலதான்.”

“அச்சா” என்றார். போனை மெதுவாக மடியில் இறக்கினார். “இப்பம் என்ன செய்யுதா?”

“பாத்திரம் தேய்க்கறா.”

“மூஞ்சி எப்படி இருக்கு? சொல்லு.”

சித்தி குழாயடியில் நிமிர்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையை என்னவென்று சொல்வது? பார்த்தால்தான் தெரியும் என்று வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டேன்.

கொஞ்சம் காத்திருந்துவிட்டு, “சத்தத்தைக் கூட்டு” என்றார் சித்தப்பா.

கூட்டினேன். தண்ணீர் கொட்டும் சத்தம் மட்டும் கேட்டது.