மஞ்சள் தண்ணீரில் முக்கிய வெள்ளை

கேமராவுக்கு வெள்ளை ஆகாது. சுத்த வெள்ளையைக் காட்டினால் படத்தில் பளீரென்று அடித்து, உடுத்தியவள் முகத்தையே தின்றுவிடும். அதனால்தான் அந்தக் காலத்துக் கறுப்பு வெள்ளைப் படங்களில் நாம் வெள்ளை என்று நம்பிய சேலை பலதும் சாயத்தில் முக்கி எடுத்தவை. முத்துவடிவு இதை யாரும் சொல்லித் தெரிந்துகொள்ளவில்லை. உடுத்தித்தான் தெரிந்துகொண்டாள்.

கல்யாணமான மறு வருஷமே புருஷனைப் பறிகொடுத்துவிட்டு, தென்காசியில் அண்ணன் குத்தாலிங்கம் வீட்டுக்குத் திரும்பியவள் அவள். அன்றிலிருந்து வெள்ளைதான். மஞ்சளைத் தொடக்கூடாது என்று கண்டிப்பு. குழம்புக்கு மஞ்சள்பொடி போட மதினிதான் வரவேண்டும். அந்தக் குழம்பை மட்டும் அவள் சாப்பிடலாமாம், என்ன நியாயமோ.

தையற்காரர் மூசாவின் மனைவி ஆசியாவுக்கு அவள் கொக்கியும் பித்தானும் தைத்துக் கொடுப்பாள். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தெட்டில் சாரல் சமயம் ஒரு சினிமாக் கம்பெனி குற்றாலத்துக்கு வந்தது. உடுப்புப் பொறுப்பு மூசாவுக்கு. நாயகிக்குச் சேலை கட்டிவிட ஆசியாவோடு முத்துவடிவும் போனாள்.

"துணிமணியோட இருந்துக்கோ. கேமரா பக்கம் போகப்படாது," என்று சொல்லித்தான் அண்ணன் அனுப்பினார்.

கதைப்படி, புருஷனை இழந்த நாயகி அருவியடியில் போய் நிற்க வேண்டும். அவளுக்கு எடுத்து வைத்த வெள்ளைச் சேலையைப் பார்த்ததும் கேமராக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். கைவசம் சாயம் இல்லை. மூசா சமையல் கொட்டகையில் மஞ்சள்பொடி வாங்கி வாளியில் கரைத்து, சேலையை முக்கிப் பிழிந்தார். இளமஞ்சளாக வந்தது. அருவி இரைச்சலைக் கேட்ட நாயகியோ, கிட்டவே போகமாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டாள். தூரத்தில் முதுகுதானே தெரியும், அதே உயரத்தில் இருக்கிற முத்துவடிவு நிற்கட்டும் என்றார்கள்.

"உனக்கு இஷ்டமில்லன்னா வேண்டாம், தங்கச்சி," என்றார் மூசா.

அவள் சேலையை வாங்கிக்கொண்டு மறைப்புக்குள் போனாள்.

தங்கையைக் கூட்டிப்போக வந்த குத்தாலிங்கம், குளிக்க வந்த கூட்டத்தோடு நின்று அதைப் பார்த்துவிட்டார். அவளைக் கூப்பிடாமலே வீடு திரும்பினார். சாயங்காலம் வாசலிலேயே மறித்தார்.

"மஞ்சச் சேலையோட ஊரு முன்னால நின்னாச்சு. இனி இங்கன உனக்கென்ன சோலி?"

"படத்துல வெள்ளையாத்தான் தெரியும், அண்ணாச்சி."

"யாருகிட்ட கதை விடுத?"

கதவு சாத்திக்கொண்டது. உள்ளே அம்மை பேராச்சி அழுகிற சத்தம் கேட்டது.

கம்பெனி மூசாவை மெட்ராசுக்கே அழைத்துக்கொண்டது; ஆசியா குடும்பத்தோடு அவளும் போனாள். ஸ்டூடியோவில் உடுப்பறை வேலை. வெள்ளை முக்குவதில் அவள் கைப்பக்குவம் கேமராக்காரர்களுக்குப் பிடித்துப்போயிற்று. வேலைக்குக் குறைவில்லை. அம்மையைத்தான் பார்க்க முடியவில்லை.

மறு வருஷம் அம்மை படுக்கையில் விழுந்துவிட்டாள் என்று தகவல் வந்தது. ஓடிவந்து மூசாவின் பழைய வீட்டில் இறங்கினாள். அண்ணன் வாசலைத் தாண்ட விடுவாரா என்பதுதான் கவலை. ஆனால் குத்தாலிங்கமே தேடி வந்தார். அந்தப் படம் அப்போது தென்காசிக் கொட்டகையில் ஓடிக்கொண்டிருந்தது.

"படம் பாத்தேன். வெள்ளைதான் உடுத்திருந்த. வெயில்ல எங்கண்ணுதான் மாத்திக் காட்டிட்டு. ஊர்க்காரங்ககிட்டயும் சொல்லிட்டேன். வா, அம்மையப் பாக்கலாம்."

தலையை ஆட்டினால் போதும்.

"உங்க கண்ணு சரிதான் அண்ணாச்சி. மஞ்சதான்."

"ஏட்டி, அதச் சொல்லாம இருந்தாத்தான் என்ன?"

"அம்மையப் பாக்கணும்னு உயிரு துடிக்கு. ஆனா அதை உடுத்துனப்போ எனக்கு நல்லாருந்துது. அத இல்லன்னு எப்படிச் சொல்லுவேன்?"

குத்தாலிங்கம் துண்டை உதறித் தோளில் போட்டார்.

"சரி, நட. அம்மை கேட்டா மட்டும் வெள்ளைன்னு சொல்லிரு. சீக்காளி மனசு தாங்காது."

பேராச்சிக்குக் கை தூக்க முடியவில்லை. மகள் பக்கத்தில் வந்து உட்கார்ந்ததும் கண்ணை மட்டும் திருப்பி, அவள் கொண்டுவந்த பெட்டியைப் பார்த்தாள்.

"அந்த மஞ்சச் சேலைய கொண்டாந்தியாட்டி? ஊரெல்லாம் பாத்தாச்சு. நான்தான் பாக்கல."