பதினாலாம் நம்பர் போன்

கெமிக்கல் கம்பெனி வாசலில் உட்கார்ந்து செல்போன் வாங்கி வைக்கிறது என்ன பெரிய வேலை என்று கேட்கிறவர்கள், அடுத்தவர் போன் அடிக்கும்போது எடுக்காமல் ஒரு மணி நேரம் உட்கார்ந்து பாருங்கள். என்னைப்போல வாசலில் உட்கார்ந்து பிழைக்கிறவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

ஈரத்துணி

கும்மிடிப்பூண்டியில் எங்கள் கம்பெனிக்குள் போன் கொண்டுபோகக் கூடாது. சின்னப் பொறி பட்டாலும் பற்றிக்கொள்ளும் சரக்கு உள்ளே இருக்கிறது. காலையில் ஒவ்வொருத்தரிடமும் போனை வாங்கி, ஈரத்துணியால் துடைத்து, நம்பர் போட்ட மரத்தட்டில் வைத்து, அதே நம்பர் டோக்கனைக் கையில் கொடுப்பேன். சாப்பாட்டு டப்பாவும் என் பொறுப்புதான்.

துடைக்கும்போது, "கர்த்தரே, இவன் நல்லபடியா திரும்பி வரணும்" என்று வாய்க்குள் சொல்லிக்கொள்வேன். என் பிள்ளைகள் இரண்டும் கல்யாணமாகிப் போய்விட்டன. ஜெபத்தில் சேர்க்க ஆள் வேண்டாமா? செக்யூரிட்டி மணி ஒரு வாரம் இதைப் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டுக் கேட்டார்: "இன்னாக்கா, போனுக்கெல்லாம் ஞானஸ்நானம் குடுத்துக்கினு கீற?"

நீ யாரு?

போன் அடித்தால் எடுக்கக் கூடாது என்று எழுதி ஒட்டியிருக்கிறார்கள். எட்டாம் வகுப்போடு நின்றவள்தான் என்றாலும் அது எனக்குப் படிக்கத் தெரியும். ஆனால் பதினாலாம் நம்பர் தினமும் பத்தேகாலுக்கு அடிக்கும். திரையில் 'அம்மா' என்று வரும். அது குமரேசனின் போன். இருபத்தாறு வயது, ரியாக்டர் பக்கம் வேலை, ஊத்துக்கோட்டைப் பக்கத்திலிருந்து பஸ்ஸில் வருகிறவன்.

நாலு நாள் பொறுத்தேன். ஐந்தாம் நாள் எடுத்து, "அவர் உள்ள வேலையா இருக்காரும்மா" என்றேன். அந்தப் பக்கமிருந்து அந்தம்மா கேட்டாள்: "நீ யாரு? எங்கிட்ட சொல்லாமயே தாலி கட்டிட்டானா?"

சாப்ட்டான்க்கா

நான் யார் என்று தெரிந்ததும் அவளுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. லட்சுமி என்று பெயர். அதற்கப்புறம் தினமும் ஒரே கேள்விதான்: "எங்க நைனா நாஷ்டா சாப்ட்டானா?" மகனை நைனா என்றுதான் சொல்வாள்.

குமரேசன் பத்து மணிக்கு வந்து டப்பாவை வாங்கி, வாசல் ஷெட்டில் உட்கார்ந்து சாப்பிடுவான். பாதி நாள் வேலை விடாது. டப்பா அப்படியே இருக்கும், சாயங்காலம் பஸ்ஸில் சாப்பிடுவான். நான் எல்லா நாளும் "சாப்ட்டான்க்கா" என்றுதான் சொன்னேன். பெற்றவள் வயிறு குளிரட்டுமே என்றுதான். பொய் பாவம், படுக்கும்போது ஜெபத்தில் அதற்கு மன்னிப்பும் கேட்டுக்கொள்வேன். குமரேசனிடம் ஒருநாள் இதைச் சொன்னபோது சிரித்தான்: "நீ சொன்னா எங்கம்மா அப்டியே நம்புதும்மா. நான் சாப்ட்டேன்னா டப்பாவத் தொறந்து பாக்குது."

மிச்சமிருந்தவை

அன்றைக்குப் பத்து மணி ஆகவில்லை. உள்ளே ரியாக்டர் வெடித்தது. என் ஜன்னல் கண்ணாடி மேசைமேல் கொட்டியது. காற்று பின்பக்கமாக அடித்ததால் வாசலில் நிற்க முடிந்தது. மூக்கைப் பொத்திக்கொண்டு ஆட்கள் ஓடி வந்தார்கள். டோக்கனை நீட்டினவனுக்கெல்லாம் போனைக் கொடுத்தேன். ஒரு டோக்கன் திரும்பி வந்தால் ஒருவன் பிழைத்தான் என்று அர்த்தம். கை அதுபாட்டுக்குக் கொடுத்தது, கண் பதினாலாம் நம்பரிலேயே இருந்தது.

பத்தேகாலுக்கு அது அடித்தது. லட்சுமிக்கு இன்னும் எதுவும் தெரியாது. "நைனா சாப்ட்டானா?" என்றாள். புகையைப் பார்த்துக்கொண்டே, வாய்ப் பழக்கத்தில், "சாப்ட்டான்க்கா" என்றேன்.

மத்தியானம் மூன்று போன்கள் மிச்சம். பதினாலும் அதில் ஒன்று. மூன்றும் மாறி மாறி அடித்தன. வெளியே வராதவர்கள் பெயரை எழுதிக்கொள்ள வந்த போலீஸ்காரர் இரண்டு பெயர் எழுதிவிட்டுப் பேனாவை நிறுத்தினார்: "அத ஆஃப் பண்ணி வெயும்மா, என்னால எழுத முடியல."

டப்பா

பதினாறாம் நாள் காரியம் முடிந்து லட்சுமி போனை வாங்க வந்தாள். நான் நினைத்ததைவிடக் குள்ளம். டப்பாவையும் எடுத்துக் கொடுத்தேன். வெடித்த அன்றைக்கே அதைத் திறந்து பார்த்திருந்தேன். மூன்று தோசை, மேலே காரச் சட்னி, விரல் படவில்லை. அதை அவள் பார்த்துவிடக் கூடாது என்று, கொட்டி, சோப்புப் போட்டுக் கழுவித் துடைத்து வைத்திருந்தேன்.

போனை மடியில் போட்டுக்கொண்டு டப்பாவைத் திறந்தாள். உள்ளே விரலால் தடவினாள். மோந்து பார்த்தாள். எல்லாவற்றையும் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். அவள் என் கைமேல் கையை வைத்துச் சொன்னாள்: "எங்க நைனா ஒருநாளும் டப்பா கழுவினவன் இல்லம்மா."

கம்பெனி மறுபடி திறந்ததிலிருந்து, சாப்பிட்டாயா என்று கேட்டுப் பதில் வராமல் நான் யாருக்கும் டோக்கன் கொடுப்பதில்லை என்பதால், காலையில் வரிசை மெயின் ரோடு வரைக்கும் நிற்கிறது, சூப்பர்வைசரிடம் தினமும் திட்டு வாங்குகிறேன்.