பூஜ்ஜியம் எந்தத் தரையில்?

பள்ளிகளுக்கு இடையேயான அறிவியல் வினாடி வினாவுக்கு எங்கள் பிளஸ் ஒன் வகுப்பிலிருந்து ஒருவர்தான் போகலாம். நானா, என் பெஞ்சிலேயே உட்காரும் நண்பனா என்பது மட்டும்தான் பாக்கி. நான்தான் என்று நம்பியிருந்தேன். கேள்வி முடிவதற்குள் கை தூக்குகிற ஆள் நான்.

இயற்பியல் ஆசிரியர் எங்கள் இருவரையும் எழுந்து நிற்கச் சொன்னார். “ரெண்டு கிலோ கல்லைத் தரையிலேர்ந்து மூணு மீட்டர் தூக்கி வச்சா நிலையாற்றல் எவ்வளவு? ஜி பத்துன்னு வச்சுக்க.”

நிறை, ஜி, உயரம் மூன்றையும் பெருக்க வேண்டியதுதான். “அறுபது ஜூல் சார்.”

“தூக்காம தரையிலேயே கிடந்தா?”

“எந்தத் தரைங்க சார்?” என்றேன்.

வகுப்பு சிரித்தது. நான் கிண்டலுக்குக் கேட்கவில்லை. அப்பாவுக்கு மைன்ஸில், திறந்தவெளிச் சுரங்கப் பள்ளத்தின் அடியில் வேலை. ஷிப்ட் முடிந்ததும் அம்மாவுக்குப் போன் செய்து, “மேல வந்துட்டேன்” என்பார். அவருக்கு மேலே என்பது நாங்கள் செருப்புப் போட்டு நடக்கிற இதே தரை. இங்கே கிடக்கிற கல்லை அந்தப் பள்ளத்துக்குள் உருட்டிவிட்டால், அடியில் நிற்கிற வண்டியின் கண்ணாடி மிஞ்சுமா? அப்புறம் அதன் ஆற்றல் எப்படிப் பூஜ்ஜியம்?

இதையும் சொன்னேன். ஆசிரியர் கோபப்படவில்லை. “பூஜ்ஜியத்தை எங்க வேணா வச்சுக்கலாம், வித்தியாசம்தான் கணக்கு. இங்க வச்சா உங்கப்பா நிக்கிற இடத்துல மைனஸ்.”

“அவங்கப்பாவையே மைனஸ் ஆக்கிட்டாருடா” என்றது பின் பெஞ்சு. மணி அடித்துவிட்டதால் முடிவு மறுநாளைக்குப் போனது.

ஒன்றுமே இல்லாததைவிடக் குறைவாக ஆற்றல் எப்படி இருக்கும்? அன்று ராத்திரி வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பாவைக் கேட்டேன்.

“சர்வே ஆளுங்க கடல்மட்டத்த வச்சுத்தான் அளப்பாங்க. அதுப்படி பார்த்தா நாங்க கடலுக்கும் கீழதான்டா நிக்கிறோம்.”

இன்னொரு பூஜ்ஜியம். “அதுக்கும் கீழ தோண்டுனா?”

“தண்ணி வரும். பம்பு வைக்கணும். போய்ப் படி.”

மறுநாள் கடைசிக் கேள்வி. ஆறு மீட்டர் உயர மாடியில் ஐந்து கிலோ பெட்டி. வாய் வரை பதில் வந்துவிட்டது. ஆனால் வகுப்பறை, பள்ளத்தின் அடி, கடல் என்று மூன்று தரைகள் கண்முன் நின்றன. “எங்கேர்ந்து பார்த்தா...” என்று இழுத்தேன். “முந்நூறு சார்” என்றான் நண்பன். அவன் போவதென்று முடிவாயிற்று.

போட்டி முடிந்த மாலை பஸ் ஸ்டாண்டில் அவனைப் பார்த்தேன்.

“தோத்துட்டேன்டா. கெணத்துல தொங்கற வாளியப் பத்திக் கேட்டாங்க. நீ சொன்னதே மண்டையில ஓடிகினு இருந்துச்சு. தரை எதுன்னு யோசிச்சுகினே நின்னேன், பெல் அடிச்சுட்டாங்க. இப்பவாவது சொல்லு, தரை எது?”

“எனக்கும் தெரியலடா.”

“தெரியாமதான் என்னையும் கெடுத்தியா?”

சந்தோஷப்படுவதா, மன்னிப்புக் கேட்பதா என்று புரியவில்லை. அதற்குள் அவன் ஊர் பஸ் வந்துவிட்டது. கூட்டம். முண்டியடித்து ஏறியவன் ஜன்னல் வழியாகக் கையை நீட்டினான். அவன் புத்தகப் பையை இரண்டு கையாலும் தூக்கிக் கொடுத்தேன். கனமாகத்தான் இருந்தது. எந்தத் தரையிலிருந்து தூக்கினேன் என்று அவனும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.