வெயிலில் வைத்த உடம்பு

ஐம்பது வயதில் என் உடம்பு பாதி வெள்ளையாகிவிட்டிருந்தது. வெண்படை. சிட்னிக்கு வந்த பிறகு விரல் நுனியில் தொடங்கி, கழுத்துக்கும் வயிற்றுக்கும் மெதுவாகப் பரவியது. தொற்றாது என்று டொக்டர் சொன்னார். அதை எங்கள் ஆட்களுக்கு யார் சொல்வது? ஒரு கலியாணவீட்டில் நான் பரிமாற எழும்பியபோது ஒரு அன்ரி என் கையிலிருந்த கரண்டியை வாங்கிக்கொண்டார்.

"நீர் இரும் பிள்ளை, நான் போடுறன்."

அன்பாகத்தான் சொன்னார். அதற்குப் பிறகு, நாங்கள் இருந்த கிரவீன் பக்கம் எந்த வெயிலிலும் முழுக்கைச் சட்டைதான். கணவர் முன்னால்கூட லைட்டை அணைத்துவிட்டே உடுப்பு மாற்றினேன்.

இத்தனைக்கும் என் வேலை, பிளாக்டவுனில் ஒரு முதியோர் இல்லத்தில் மற்றவர்களைக் குளிப்பாட்டுவது. சுருங்கிய தோலையும் ஒபரேஷன் தழும்புகளையும் தினமும் சவர்க்காரம் போட்டுக் கழுவுகிறவள், ஒருநாளும் முகம் சுளித்ததில்லை.

ஒருநாள் காலை வேலையில் என் சட்டை தொப்பலாக நனைந்துவிட்டது. உடுப்பு மாற்றும்போது கூட வேலை செய்பவள் உள்ளே வந்துவிட்டாள். என் வயதுக்காரி, பருமனான வெள்ளைக்காரி. அவசரமாகத் துவாயால் மூடினேன். அவள் ஒன்றும் கேட்கவில்லை. அடுத்த வாரம், தானும் கணவரும் உடுப்பில்லாமல் குளிக்கிற கடற்கரைக்குப் போவதாகச் சொல்லி, என்னையும் கூப்பிட்டாள்.

கதவைப் பூட்டிய குளியலறையிலும் பாவாடையைக் குறுக்கே கட்டிக் குளித்து வளர்ந்தவள் நான். ஆனாலும் போனேன். நடைப்பயிற்சிக்குப் போவதாக வீட்டில் பொய் சொன்னேன்.

அங்கே அழகானவர்கள் என்று பெரிதாக யாரும் இல்லை. நான் குளிப்பாட்டுகிற உடம்புகள்தான், கொஞ்சம் இளமையாக, புத்தகம் வாசித்துக்கொண்டு கிடந்தன. அரை மணித்தியாலம் உடுப்போடு இருந்தேன். உடுப்போடு இருந்ததுதான் கூச்சமாக இருந்தது. கழற்றினேன். யாரும் திரும்பவில்லை. தோழி மட்டும் என்னைப் பார்த்தாள்.

"வெள்ளை இடங்களுக்குக் கூடுதலாகப் பூசு. கெதியாக எரியும்" என்று சன்ஸ்கிரீனை நீட்டினாள்.

என் தோலைப் பற்றி அன்று பேசப்பட்டது அவ்வளவுதான். கடலுக்குள் இறங்கி, கழுத்தளவு தண்ணீரில் நின்று அழுதேன்.

முதுகில் பூசச் சொல்லிக் கேட்க வெட்கப்பட்டிருந்தேன். பின்னேரம் தோள்பட்டை நெருப்பாக எரிந்தது. சட்டை பட்டாலே நொந்தது. கணவருக்கு உண்மையைச் சொல்ல வேண்டியதாயிற்று.

அவர் எனக்கு எதிரே வந்து உட்கார்ந்தார்.

"ஆக்கள் பாத்தவையோ?"

"ஒருத்தரும் பாக்கேல்லை."

"எனக்கு மட்டும் இவ்வளவு வருசமா மறைச்சீர், என்ன?"

கோபம் இல்லை, குரல்தான் உடைந்திருந்தது. குளிர்பெட்டியிலிருந்து தயிரை எடுத்து வந்தார். ஜன்னல் வெளிச்சத்தில் முதுகைக் காட்டி உட்கார்ந்தேன். எரிந்த இடம், எரியாத இடம், கறுப்பு, வெள்ளை என்று பாராமல் அவர் கை மெதுவாகப் போய் வந்தது.

"குளிருதோ?"

"ஓம்" என்றேன். "பரவாயில்லை, பூசுங்கோ."