பதினோரு பேரின் நேர்த்திக்கடன்

அந்த வருடம் ஐந்தாம் படிவத்துப் பதினேழு வயதுத் தமிழ்ப் பையன்கள் பதினோரு பேர் ஒரே வாரத்தில் பக்திமான்கள் ஆனார்கள். காலரைத் தொடும் முடியை ஏன் வெட்டவில்லை என்று கேட்டால், "மாரியம்மனுக்கு நேர்த்தி டீச்சர், கத்திரி படக்கூடாது" என்று கையைக் கட்டிக்கொண்டு சொன்னார்கள். நான் அந்தப் பக்கம் திரும்பியதும் நெற்றியில் விழுந்த முடியைக் கொரியப் பாடகர்களைப் போல ஊதித் தள்ளினார்கள். பள்ளியில் தமிழும் கட்டொழுங்கும் என் பொறுப்பு. முதல்வர் மலாய்க்காரர். சமயம் என்றதும் பின்வாங்கி, நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள் என்று என் தலையில் கட்டிவிட்டார்.

பதினோராவது ஆள் என் மகன். அதுதான் வயிற்றெரிச்சல். ஆசிரியர் அறைக்குள் நுழைந்தாலே, சொந்தப் பிள்ளையின் முடியை வெட்டத் துப்பில்லாதவள் என்ற பார்வை. இத்தனை வருடம் சேர்த்த மரியாதை அந்தப் பையன் தலையில் தொங்கியது.

பெற்றோரிடம் கடிதம் கேட்டேன். பத்துக் கடிதங்கள் வந்தன, பத்தும் ஒரே கையெழுத்தில். அந்தக் கையெழுத்தை நான் நான்கு வருடமாகத் திருத்திக்கொண்டிருக்கிறேன். என் மகன் கடிதமே தரவில்லை. வீட்டில் பிடித்துக் கேட்டேன்.

"அப்படி என்னடா வேண்டிக்கிட்ட? சொல்லித் தொலை."

"வெளிய சொன்னா பலிக்காதும்மா."

"நாளைக்கு நானே வெட்டிவிடுறேன் பாரு."

"சாமி கோவிச்சுக்கும்லா."

தேயிலைத் தொழிற்சாலையில் ஷிப்ட் முடித்து வந்திருந்த என் கணவர், "விடு, திருவிழா வரைக்கும்தானே" என்றார். எனக்கு விட மனமில்லை. திருவிழா அன்று எஸ்டேட் கோயிலில் நானே நிற்பேன், பதினோரு பேரும் என் கண்ணெதிரே மொட்டையடிக்க வேண்டும் என்று வகுப்பில் சொல்லிவிட்டேன். பத்து முகங்கள் வெளுத்தன. அன்றுதான் எனக்கு ஒழுங்காகச் சாப்பாடு இறங்கியது.

திருவிழாவுக்கு ஒரு வாரம் இருக்கும்போது மாற்றல் உத்தரவு வந்தது. அடுத்த மாதம் முதல் மலைக்குக் கீழே, தாப்பாவில் ஒரு பள்ளி. நான் கேட்கவே இல்லை. பரீட்சை வருடத்தில், பள்ளியில் அம்மாவும் இல்லாமல் பிள்ளை என்ன செய்வான் என்று இரண்டு நாள் தவித்தேன். மகனிடம் சொன்னபோது தலையைக் குனிந்துகொண்டு "ம்" என்றான். அழுகையை அடக்குகிறான் என்று நினைத்து, அவன் தட்டில் இன்னொரு முட்டை வைத்தேன்.

திருவிழாவன்று முதல் பையன் முடியிறக்குபவர் முன்னால் உட்கார்ந்து, "பூமுடி டீச்சர்" என்றான். மொட்டையடிக்க விரும்பாத பெண்கள் கொடுப்பார்களே, நுனியில் மூன்று சிறு வெட்டு, அது. எந்தப் பாட்டியிடம் போய்க் கேட்டுக்கொண்டு வந்தார்களோ! பத்துப் பேரும் மூன்று மூன்று கத்திரி வாங்கிக்கொண்டு, முடியைச் சிலுப்பியபடி எழுந்து போனார்கள். நேர்த்தி முடிந்த தலைகளுக்குத் திங்கட்கிழமை நான் இருக்கிறேன் என்று பல்லைக் கடித்தேன்.

கடைசியாக என் மகன் உட்கார்ந்தான். "மொட்டை, அண்ணே" என்றான். அந்தக் குளிரில் தலையை வழித்து, சந்தனம் பூசிக்கொண்டு எழுந்தான். எனக்குக் கண் கலங்கிவிட்டது. இத்தனை ஏமாற்றுக்காரர்களுக்கு நடுவில் என் பிள்ளை ஒருவன்தான் உண்மையாக வேண்டியிருக்கிறான். வெட்டியே தீருவேன் என்று நின்றதற்காக வெட்கப்பட்டேன்.

"இப்பவாச்சும் சொல்லுய்யா, என்ன வேண்டிக்கிட்ட?"

என் கைக்கு எட்டாத தூரத்துக்குத் தள்ளி நின்றுகொண்டான்.

"நீங்க வேற ஸ்கூலுக்குப் போயிடணும்னு" என்றான். "பலிச்சிருச்சும்மா."