ஆனைக்கல் தோட்டத்தில் முதல் மரியாதை

ஞாயிற்றுக்கிழமை காலை ஐந்து மணிக்குப் பதுளைக் கடைவீதியிலிருந்து புறப்பட்டேன். ரயில் இன்னும் பதுளைக்கு வரவில்லை, பண்டாரவளையோடு நிற்கிறது. ஆகையால் மாட்டுவண்டிதான். எல்ல வரை பதின்மூன்று மைல், ஆளுக்கு அறுபது சதம். அங்கிருந்து ஆனைக்கல் தோட்டத்துக்கு மூன்று மைல் நடை. வண்டிக்காரர் பெயர் முனியாண்டி. மாடு இரண்டில் வலது மாட்டுக்கு இருமல். ஏற்றத்தில் படுத்துவிடுமோ என்று கேட்டேன்.

"அது பத்து வருசமா இருமுதுங்க. படுக்கிறதா இருந்தா எப்பவோ படுத்திருக்கும்" என்றார்.

பத்து வருடத்து இருமல் என்று கேட்டபின் எனக்குக் கவலை கூடிற்றே தவிரக் குறையவில்லை.

நான் மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டுப் பலசரக்குக் கடையில் சேர்ந்தவன். ஊர் சுற்றும் ஆசை எனக்குக் கிடையாது. போக வேண்டி வந்தது என் மனைவி பாக்கியத்துக்காக. அவளுக்கு இது ஏழாம் மாதம். இதற்கு முன் இரண்டும் தங்கவில்லை. அவள் பிறந்து வளர்ந்தது ஆனைக்கல் தோட்டத்து லயத்தில், வேலையாட்களின் வரிசை வீட்டில். அந்தத் தோட்டத்து மாரியம்மனுக்கு ஒரு சிறு மரத்தொட்டில் கட்டுவதாக வேண்டிக்கொண்டிருந்தாள். திருவிழா அன்று அம்மன் ஊர்வலம் போய்த் திரும்பிய பிறகு பூசாரி மஞ்சள் கயிறு கொடுப்பார். அது கையில் ஏறினால்தான் இந்தப் பிள்ளை நிற்கும் என்பது அவள் முடிவு. பதுளையிலும் கோயில் இருக்கிறதே என்று ஒரு தடவை சொல்லிப் பார்த்தேன். "அந்தச் சாமிக்கு என்னையத் தெரியாது. கயிறு இல்லாம வந்துராதீங்க" என்று சொல்லிவிட்டாள்.

ஏழு மணி. நான்காம் மைல் கடையில் தேநீர், இரண்டு சதம். கயிறு வாங்கப் போகிறேன் என்று சொன்னதும் முனியாண்டி தலையைச் சொறிந்தார்.

"ஊர்வலம் போனாத்தானே கயிறு. போகணும்னு கும்பிட்டுக்குங்க."

"ஏன் போகாது?"

"தோட்டம் ரெண்டு பிரிவுங்க. மேக்கணக்கு, கீழ்க்கணக்குன்னு சொல்லுவாங்க. மேக்கணக்கு ஆளுக திருச்சிப் பக்கம். கீழ்க்கணக்கு ஆளுக மதுரைப் பக்கம். சாமி ஒண்ணு, பரிவட்டம் ஒண்ணு, பெரிய கங்காணி ரெண்டு பேரு. எந்தத் தலையில கட்டுறது?"

அம்மனுக்குச் சாத்திய பட்டுத்துணியை யார் தலையில் முதலில் கட்டுகிறார்களோ அவருக்குத்தான் முதல் மரியாதை. அந்த மரியாதை நடக்காமல் அம்மன் வாசல் தாண்டமாட்டாள்.

"பின்னே எப்படிச் சமாளிக்கிறார்கள்?"

"வெள்ளைக்காரத் துரை தலையில கட்டிருவாங்க. அவரு மேக்கணக்கும் இல்ல, கீழ்க்கணக்கும் இல்ல. நம்ம சாமி பக்கமும் இல்ல. அதனால யாருக்கும் வருத்தம் இல்ல. போன வருசம் துரை சீமைக்குப் போயிட்டாரு. ஏழு மண்டை உடைஞ்சு ஊர்வலம் நின்னு போச்சு. திரும்பி வந்தவரு, இன்னொரு தடவ அடிதடின்னா கோயில் கொட்டகையில உர மூட்டை அடுக்கிருவேன்னு சொல்லிட்டாரு."

"அப்போ அம்மனை எங்கே வைப்பார்கள்?"

"அத அவரு யோசிக்கலைங்க. அவரு கொட்டகைய மட்டுந்தான் பாத்தாரு."

எட்டரை மணி. தெமோதரை தாண்டி எதிரே ஒரு குதிரை வந்தது. முனியாண்டி வண்டியை ஓரங்கட்டினார். குதிரைமேல் ஒரு வெள்ளைக்காரர். தாடையிலிருந்து உச்சந்தலை வரை கைக்குட்டையைச் சுற்றி முடிச்சுப் போட்டிருந்தார். இடது கன்னம் பணியாரம்போல் உப்பியிருந்தது. தலையில் அவ்வளவு பெரிய முடிச்சு இருந்தால் தொப்பி எங்கே உட்காரும்? வெள்ளைக்காரர் ஒருவரைத் தொப்பியில்லாமல் நான் பார்த்தது அதுவே முதல் தடவை. எங்களைப் பார்க்காமலே பதுளைப் பக்கம் போய்விட்டார்.

"பல்லு போலருக்கு. ஆஸ்பத்திரிக்குப் போறாரு" என்றார் முனியாண்டி. கொஞ்ச நேரம் கழித்து, "அவருதான் ஆனைக்கல் துரை" என்றார்.

அதன்பின் மாட்டின் இருமல் என் காதில் விழவில்லை.

எல்லவில் இறங்கும்போது மணி பதினொன்று. மலைப்பாதை மூன்று மைலையும் தொட்டிலைத் தோளில் வைத்துக்கொண்டு ஏறினேன். காலில் அட்டை நான்கு. கோயில் மேட்டுக்கு வந்தபோது பன்னிரண்டரை. தகரக் கொட்டகை, மாவிலைத் தோரணம், அலங்காரம் முடிந்து சப்பரத்தில் அம்மன். ஒரு பக்கம் மேற்கணக்கு, மறுபக்கம் கீழ்க்கணக்கு, நடுவே ஒரு வண்டி போகிற இடைவெளி. அந்த இடைவெளியில் ஒரு நாற்காலி காலியாகக் கிடந்தது. துரை மூன்று மணிக்கு வந்து அதில் உட்காருவாராம். ஊர்வலம் இருட்டுக்குமுன் திரும்பிவிட வேண்டும் என்பதும் அவர் உத்தரவு.

பல் சமாசாரம் அங்கே ஒருவருக்கும் தெரியவில்லை. சொல்வதா, வேண்டாமா? சொன்னால் என் வாயால் சண்டை வந்ததென்பார்கள். சொல்லாவிட்டால் தெரிந்தும் மறைத்தான் என்பார்கள். பூசாரி தொட்டிலை வாங்கும்போது மெதுவாக அவர் காதில் சொன்னேன். அவர் உடனே உரக்க, "துரை வரலையாம்" என்றார்.

மேளம் நின்றது. மேற்கணக்குப் பெரிய கங்காணி கருப்பண்ணன் எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார். அதைப் பார்த்துக் கீழ்க்கணக்குப் பெரிய கங்காணி ராமசாமியும் மடித்துக் கட்டினார்.

"காடு வெட்டி இந்த மேட்ட எடுத்துக் கொடுத்தது எங்க ஆளுக" என்றார் கருப்பண்ணன்.

"கொழுந்து எடுக்கப் போனப்ப அம்மன் கல்லக் கண்டது எங்க பொம்பளைக. மேடு இருந்து என்ன செய்யும், கல்லு இல்லாம?"

"கல்லு மழையில நனைஞ்சிருக்கும்."

"மேட்டுல மாடு மேஞ்சிருக்கும்."

இரண்டு பேரும் மரியாதை குறையாமல்தான் பேசினார்கள். பின்னால் இருந்தவர்கள் கைகளில் தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்திகள் இருந்தன. நான் தேங்காய்க் குவியலுக்குப் பின்னால் நகர்ந்துகொண்டேன். அங்கேதான் பூசாரி என்னைக் கண்டுபிடித்தார்.

"இந்தா பொது ஆளு இருக்காரு. பதுளைக் கடைக்காரர். இவருக்குக் கட்டிருவோம்."

இரண்டு கங்காணிகளும் என்னை ஏற இறங்கப் பார்த்தார்கள். எந்த ஊர், எந்தக் கப்பலில் அப்பா வந்தார், யாருக்கு உறவு என்று கேட்டார்கள். கயிறு கிடைத்தால் போதும், தலையில் எதைக் கட்டினாலும் சரி என்று தலையாட்டப் போனேன். தீச்சட்டியோடு நின்ற செல்லாயி என்ற பெண், "ஏ, இது நம்ம பாக்கியம் புருசன்ல. கீழ்க்கணக்கு மருமகன்" என்றாள். உறவு கொண்டாடும் ஆசையில்தான் சொன்னாள். மேற்கணக்கில் நாலைந்து பேர் கத்தியை வலக்கைக்கு மாற்றினார்கள்.

இரண்டே முக்கால் மணிக்குப் பங்களாவின் சமையற்காரர் அப்பு, துரை சொல்லிவிட்டுப் போன செய்தியோடு வந்தார். வெலிமடைச் சிங்களவர், பௌத்தர். மூன்று மணிக்கு ஊர்வலம் கிளம்ப வேண்டும், சண்டை கூடாது, இவ்வளவுதான் செய்தி. பூசாரி பரிவட்டத்தை அவர் தலைப்பக்கம் கொண்டுபோனார்.

அப்பு இரண்டடி பின்னே போனார். "எனக்கு வாணாம் ஐயா. துரை வந்து, என் மரியாதைய நீயா எடுத்தாய் என்று கேட்டால் நாளைக்கு எனக்குக் குசினி வேலை இல்லை."

செல்லாயிக்குக் கை சுட்டிருக்கும். சட்டியை இந்தக் கைக்கும் அந்தக் கைக்கும் மாற்றிக்கொண்டே, "துரை வராட்டி அவரு தொப்பியாச்சும் வந்திருக்கலாம்" என்றாள்.

சிரிக்கலாம் என்று நினைத்தேன். ஒருவரும் சிரிக்கவில்லை. கருப்பண்ணன் ராமசாமியைப் பார்த்தார்.

"தொப்பி பங்களாவுலதானே இருக்கு?"

"இருக்கு. கட்டுப் போட்டதில் ஏறல்ல" என்றார் அப்பு.

"காலையில ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக் களத்துல தூரத்துல தொப்பி தெரிஞ்சாலே நாம ஓடிப்போய் வரிசையில நிக்கிறோம்" என்றார் ராமசாமி யோசித்தபடி. "துரை மூஞ்சியையா பாக்குறோம்?"

"நாள் கூலிக்குப் பேர் போடுறது தொப்பியப் பாத்துத்தான்" என்று கருப்பண்ணனும் ஒத்துக்கொண்டார். அன்று இரண்டு பேரும் ஒத்துப்போனது அது ஒன்றில்தான்.

மூன்றேகாலுக்குத் தொப்பி வந்தது. அப்பு வெள்ளைக் கோட்டை மாட்டிக்கொண்டு, தேநீர்த் தட்டில் அதை வைத்து, மேலே குடை பிடிக்க ஆள் வைத்து, மெதுவாக ஏறி வந்தார். வெள்ளை நெட்டித் தொப்பி, ஓரத்தில் கொஞ்சம் வியர்வைக் கறை. கண்டதும் இரு பக்கத்து ஆண்களும் தலைத்துண்டை அவிழ்த்தார்கள். யாரும் சொல்லவில்லை, கை தானாகப் போயிற்று. என் கையும் போயிற்று.

நாற்காலியில் தொப்பியை வைத்தார்கள். பூசாரி விபூதியை எடுத்து, நெற்றி எது என்று கொஞ்சம் திகைத்து, சுற்றிலும் தூவிவிட்டார். மாலை போட்டார். பரிவட்டம் கட்டினார். எத்தனையோ பெரிய மனிதர்கள் தலையில் பரிவட்டம் பார்த்திருக்கிறேன். நழுவும், காதை மூடும். தொப்பிக்கு அது அளவெடுத்துத் தைத்ததுபோல் நின்றது. துரை தொட்டுக் கொடுக்கவேண்டிய தேங்காயைத் தொப்பி விளிம்பில் முட்டி எடுத்தார்கள். பிறகு கல்லில் அடித்தபோது ஒரே அடியில் சரிபாதியாக உடைந்தது. இரு பக்கமும் குலவை போட்டது. மேளம் எழும்பிற்று. அம்மன் வாசலைத் தாண்டினாள்.

கொட்டகைக்கு அவள் திரும்பும்போது மணி ஆறு, நல்ல பனிமூட்டம். ஒரு மண்டையும் உடையவில்லை. பூசாரி என் உள்ளங்கையில் மஞ்சள் கயிற்றை வைத்தார். சட்டைப் பையில் வைத்து, ஊக்குக் குத்தி, மேலே கையை வைத்துக்கொண்டே லயத்தில் படுத்தேன்.

திங்கட்கிழமை ஏழரை மணிக்கு எல்லவில் வண்டி ஏறினேன். பாதி வழியில் துரை குதிரையில் எதிரே வந்தார். கன்னம் வற்றியிருந்தது, தலையில் இன்னும் கைக்குட்டை. எழுந்து நின்று சலாம் போட்டேன். உள்ளதைச் சொன்னால், நேற்றுத் தொப்பியைக் கும்பிட்டபோது இருந்த பயம் இன்று வரவில்லை.

வழியெல்லாம் ஒன்றை நினைத்துக்கொண்டு வந்தேன். எங்கள் முதலாளி போகும் பதுளைக் கோயிலில் துரை யாரும் இல்லை. ஆறு முதலாளிமார் இருக்கிறார்கள். ஆறு பேருக்கும் முதல் விபூதி வேண்டும். குருக்கள் கண்ணை மூடி மந்திரம் சொல்வதுபோல் தட்டை நீட்டுகிறார். யார் கை முந்துகிறதோ அது அம்மன் விருப்பம். தோட்டத்து ஜனங்களுக்கு ஒன்றும் தெரியாது என்று நாங்கள் கடையில் பேசிக்கொள்கிறோம்.

வீட்டுக்கு வந்தபோது மணி ஒன்று. கை கால் கழுவிக் கயிற்றைப் பாக்கியத்தின் மணிக்கட்டில் கட்டினேன். இரண்டு முடிச்சுப் போட்டேன். பயத்தில் மூன்றாவதும் போட்டேன். அவள் கயிற்றைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பிறகுதான் கேட்டாள்.

"பரிவட்டம் யாருக்குக் கட்டுனாங்க?"

சொன்னேன். அவளும் சிரிக்கவில்லை. நாற்காலி எங்கே இருந்தது, மாலை என்ன பூ என்றெல்லாம் விசாரித்துவிட்டு, "தொப்பி எந்தக் கணக்குப் பக்கம் பாத்து இருந்துச்சு?" என்றாள்.

ஒரு முழு நாள் எத்தனையோ விதமாகக் கவலைப்பட்டவன் நான். இதை யோசிக்கவில்லை. வட்டத் தொப்பி, முன்பக்கம் எது என்று பூசாரிக்கே தெரியவில்லை என்றேன்.

அவள் முகம் தெளிந்தது. "அப்ப இனிமே தொப்பியவே வைக்கச் சொல்லணும்" என்றாள். "துரைன்னா எப்படியும் ஒரு பக்கம் பாப்பாரு."